உப்புத் தோணியில் சுட்ட மீன்

ஜனவரி 10, புதன்

மேலே தேதியை டீச்சர் போட்டுக்கொள்கிறார். எனக்குத் தேதி தெரியாது, எதற்குப் பக்கத்தில் எது நடந்தது என்பது தெரியும். இது, குளங்கள் உடைத்துக்கொண்டு தூத்துக்குடிக்குள் தண்ணீர் வந்ததே, திருச்செந்தூரிலிருந்து கிளம்பிய ரயில் நடுவழியில் நின்று உள்ளே இருந்தவர்கள் சோறில்லாமல் கிடந்தார்களே, அந்த மழைக்கு அடுத்த மாதம். அந்தக் கிறிஸ்மஸுக்கு எங்கள் தெருவில் யாரும் நட்சத்திரம் கட்டவில்லை. வீட்டுச் சுவரில் என் இடுப்பு உயரத்துக்கு ஒரு கோடு இருக்கிறது. அதற்குக் கீழே சுண்ணாம்பு இல்லை.

இதை எழுதச் சொன்னது டாக்டரம்மா. என் மனைவி சலேத் தினமும் என்ன சாப்பிடுகிறாள், எவ்வளவு தண்ணீர் குடிக்கிறாள், எடை என்ன என்று ஒரு நோட்டில் எழுதிக்கொண்டு வரவேண்டுமாம். நான் கைநாட்டு என்றேன். எழுதத் தெரிந்தவர்களிடம் சொல்லுங்கள் என்றார். பக்கத்து வீட்டுக் கொன்சித்தா டீச்சர் வேலையிலிருந்து ஓய்வு பெற்று மாலையில் சும்மா இருக்கிறார். போன வருடத்து டைரி ஒன்று தண்ணீர் படாமல் அவர் வீட்டுப் பரணில் இருந்ததாம். அதில் தேதியை அடித்துத் திருத்தி எழுதுகிறார். ஒரு நிபந்தனை போட்டேன். நான் சொல்வதை மட்டும் எழுதவேண்டும், சொந்தமாக ஒரு சொல் சேர்க்கக் கூடாது. எழுதி முடித்ததும் வாசித்துக் காட்டவேண்டும். எழுதிக் கொடுக்கிறவர்களால் நான் முன்பே பட்டிருக்கிறேன்.

நடந்தது இதுதான். தண்ணீர் வந்த அன்று நான் மெத்தையையும் ரேஷன் கார்டையும் தூக்கிக்கொண்டு டீச்சர் வீட்டு மாடிக்கு ஏறிவிட்டேன். சலேத்தும் ஏறிவிட்டாள். ஏறியவள் மறுபடி இறங்கி, இடுப்பளவு தண்ணீரில் நின்று, அலமாரியின் அடித்தட்டில் இருந்த ஒரு பிஸ்கட் டின்னை எடுத்துக்கொண்டு வந்தாள். எடுத்து முடிப்பதற்குள் அரை மணி நேரம் ஆயிற்று. மறுநாள் காய்ச்சல், பிறகு மூச்சிரைப்பு, பிறகு காலில் நீர். பதினோரு நாள் ஆஸ்பத்திரி. நெஞ்சு பலமில்லை என்கிறார்கள். உப்பு ஒரு கல்கூடச் சேர்க்கக் கூடாது. தண்ணீர் நாளுக்கு ஒரு லிட்டர். எடை நாற்பத்தொன்று. நீர் வடிந்துவிட்டது, இனிக் குறைவதெல்லாம் சதைதான், முப்பத்தெட்டுக்குக் கீழே போனால் மூக்கில் குழாய் வைத்துத்தான் சாப்பாடு கொடுக்கவேண்டும் என்றார் டாக்டரம்மா.

குழாய் வைத்தால் நீங்கள் என்னைப் பார்க்க வராதீர்கள் என்று சலேத் சொல்லிவிட்டாள்.

இன்று: காலையில் அரை இட்லி. மதியம் கஞ்சி இரண்டு கரண்டி. உப்பில்லாத மீன் குழம்பை வாயில் வைத்துத் துப்பிவிட்டாள்.

ஜனவரி 11, வியாழன்

காலையில் ஒரு இட்லி. மதியம் ஒன்றுமில்லை. டின்னைத் தலைமாட்டிலேயே வைத்திருக்கிறாள்.

ஜனவரி 16, செவ்வாய்

எடை நாற்பது.

மும்பையிலிருந்து மகள் போனில் பேசினாள். அம்மாவை அங்கே கூட்டிக்கொண்டு வரச் சொல்கிறாள். ரயிலில் இரண்டு இரவு தாங்கமாட்டாள் என்றேன். உண்மையும் அதுதான்.

இன்று பாறை மீன் வாங்கி, மிளகு கூட்டி, உப்பில்லாமல் வைத்தேன். ஒரு வாய் வைத்தாள். மண்ணைத் தின்ற மாதிரி இருக்கிறது என்றாள். கிண்ணத்தைத் தள்ளிவிட்டுக் கண்ணை மூடிக்கொண்டு கிடந்தாள். தூங்குகிறாள் என்று நினைத்து எழுந்தேன். அப்போதுதான் கேட்டாள்.

"உப்பு ஏத்தின தோணியில உப்பில்லாம மீன் தின்னோம்னு எழுதினீங்களே. தீயில சுட்டு, தோடம்பழச் சாறு ஊத்தி. அது வேணும்."

"எப்ப எழுதினேன்?"

"கொழும்புலேர்ந்து. ஏழாவது காயிதம். வந்ததும் உனக்குச் சுட்டுத் தாரேன்னு போட்டிருந்தது."

அந்த மீனை நான் தின்றது உண்மை. அப்படி ஒரு கடிதம் எழுதச் சொன்னது உண்மையில்லை. என் வாயில் அந்தச் சொல் வந்ததே கிடையாது. எண்பத்திரண்டு வயதில் எனக்குக் காது மந்தம், முட்டி தேய்ந்துவிட்டது, ஆனால் நான் சொன்னதையும் சொல்லாததையும் மறந்ததில்லை.

ஜனவரி 19, வெள்ளி

காலையில் பால் அரை டம்ளர். மதியம் மாதுளை கொஞ்சம்.

டீச்சர் அந்தத் தோணிக் கதையைக் கேட்டார். சொல்கிறேன், எழுதிக்கொள்ளட்டும்.

ரூபாய்க்குப் படி அரிசி என்று சொல்லி ஆட்சி மாறிய மாசி மாதம் அது. சலேத்தை நான் கட்டி பத்து மாதம்கூட ஆகவில்லை. தோணியின் பெயர் ஞானதீபம். முழுக்க உப்பு ஏற்றிக்கொண்டு கொழும்புக்குப் போனோம். அங்கே ஏதோ காகிதம் சரியில்லை என்று சரக்கையும் இறக்கவிடவில்லை, எங்களையும் கரைக்கு விடவில்லை. இருபத்திரண்டு நாள் நங்கூரத்தில் கிடந்தோம். எங்கள் உப்புச் சாடி வழியிலேயே உடைந்துபோயிருந்தது. காலுக்குக் கீழே நூறு டன் உப்பு. ஆனால் தோணித் தொழிலில் ஏற்றிய சரக்கில் கை வைக்கக் கூடாது. விரலில் தொட்டு நாக்கில் வைத்தால்கூட அது திருட்டுதான். தண்டல் சவரிமுத்து, அதாவது தோணிக்குத் தலைவர், அந்த விஷயத்தில் சொந்த மகனையும் விடமாட்டார். துறைமுகத்துத் தண்ணீரில் எண்ணெய் மிதந்ததால் அதையும் சமையலுக்கு எடுக்க முடியாது. பழம் விற்கிற சின்னப் படகு பக்கத்தில் வரும். உப்பு விற்கிற படகு எங்கே வரும்?

சமையல்காரனைத் தோணியில் பண்டாரி என்போம். எங்கள் பண்டாரி கயத்தான். என் வயதுதான். அவன்தான் தூண்டில் போட்டுப் பிடித்த மீனை முள் நீக்கி, பலகை பலகையாகச் சதையை எடுத்து, கனலில் சுட்டு, பச்சைத் தோல் ஆரஞ்சைப் பிழிந்து மேலே ஊற்றிக் கொடுத்தான். அந்த ஊரில் அதைத் தோடம்பழம் என்பார்கள். உப்பில்லாத குறையே தெரியவில்லை. நான் அன்று நாலு துண்டு தின்றேன். நன்றாக இருக்கிறது என்று சொல்லவில்லை.

கயத்தான் ஒன்பதாவது வரை படித்தவன். எழுத்து முத்து முத்தாக இருக்கும். தோணியில் கல்யாணமான ஆறு பேரும் கைநாட்டு, தண்டல் உட்பட. எங்கள் வீடுகளுக்குக் கடிதம் எழுதினதும், பழப் படகுக்காரனிடம் தபாலுக்குக் கொடுத்தனுப்பினதும் அவன்தான். அந்தப் பருவத்தில் சலேத்துக்குப் பதினோரு கடிதம் போயிற்று. சலேத் மடத்துப் பள்ளிக்கூடத்தில் எட்டாவது படித்தவள், யாரிடமும் கொடுக்காமல் தானே வாசித்துக்கொள்வாள்.

ஊருக்கு வந்த பிறகு ஆகஸ்டில் மாதா திருவிழா. தேர் திரும்புகிற இடத்தில் கயத்தானைக் கண்டோம். சலேத் அவனைப் பார்த்து, "அண்ணாச்சி, உங்க காயிதத்தை எல்லாம் எடுத்து வெச்சிருக்கேன்" என்றாள். உங்க காயிதம் என்றாள். வெள்ளையில் சிவப்புக் கரை போட்ட சேலை கட்டியிருந்தாள். அவன் தலையைக் குனிந்துகொண்டு சிரித்தான்.

அடுத்த வாரமே நான் வேறு தோணிக்குப் போய்விட்டேன். அதன்பிறகு இருபத்திரண்டு வருடம் கடலில் போனேன். யாரிடமும் கடிதம் எழுதச் சொல்லவில்லை. தேவைப்படவில்லை. ஒவ்வொரு தடவையும் ஒழுங்காக வீடு வந்து சேர்ந்தேன் அல்லவா.

அந்தப் பிஸ்கட் டின்னில் இருப்பது அந்தப் பதினோரு கடிதம்தான்.

ஜனவரி 23, செவ்வாய்

எடை முப்பத்தொன்பதும் சொச்சமும்.

சுட்டுப் பார்ப்பது என்று முடிவு செய்தேன். அவன் செய்ததை நான் செய்யமுடியாதா? மீன் கடையில் விளமீன் எடுத்து, முள் நீக்கிச் சதையை மட்டும் தரச் சொன்னேன். கடைக்காரப் பெண் என்னை ஏற இறங்கப் பார்த்தாள். கம்பெனிக்குத்தான் பில்லட் போடுவோம், வீட்டுக்கு யார் தாத்தா முள் இல்லாமல் வாங்குகிறார்கள் என்றாள். பல் இல்லை என்று நினைத்திருப்பாள். தோலையும் உரிக்கச் சொன்னேன், சுத்தமாக இருக்கட்டும் என்று.

எலுமிச்சைச் சாற்றில் ஒரு மணி நேரம் ஊறப் போட்டேன். கொல்லையில் செங்கல் வைத்து, கரி போட்டு, கம்பி வலை வைத்து, எண்ணெய் தடவி, மீனை வைத்தேன். ஊறினதிலேயே வெந்தது போல வெளுத்து உதிரத் தொடங்கியிருந்தது. திருப்பப் போனேன். பாதி கம்பியில் ஒட்டிக்கொண்டது, பாதி கரியில் விழுந்தது. மிஞ்சியதைத் தட்டில் கொண்டுபோய்க் கொடுத்தேன். சலேத் அதைப் பார்த்துவிட்டு, "இது சுட்டதா, அவிச்சதா?" என்று கேட்டாள். ஒரு விள்ளல் தின்றாள். எனக்காகத் தின்றாள்.

ஜனவரி 25, வியாழன்

இன்று நார்த்தங்காய்ச் சாறு. கொழும்புப் பழம் மாதிரிப் பச்சையாக இருக்கிறதே என்று வாங்கினேன். தோலோடு சேர்த்து நசுக்கி ஊற்றினேன். வேப்பெண்ணெய் மாதிரி கசப்பு. நானே துப்பினேன்.

சலேத் சிரித்தாள். ஒரு மாதத்துக்குப் பிறகு சிரிக்கிறாள், அதைப் பார்க்க நன்றாகத்தான் இருந்தது. ஆனால் சிரித்து முடித்துவிட்டுச் சொன்னாள்: "எழுதினவரைப் போய்க் கேளுங்களேன்."

ஐம்பத்தேழு வருடத்தில் அவள் அவனைப் பற்றிப் பேசியது இதுதான் முதல் தடவை. எங்கே இருக்கிறார் என்று கேட்கவில்லை, உயிரோடு இருக்கிறாரா என்றும் கேட்கவில்லை. இருக்கிறான் என்று அவளுக்கு எப்படித் தெரியும்?

ஜனவரி 26, வெள்ளி

தொபியாஸ் மாமா இன்று எழுத ஒன்றும் சொல்லவில்லை. அவர் வீட்டு வாசல்வரை போய்த் திரும்பி வந்துவிட்டேன். சலேத் அத்தை காலையில் அரை டம்ளர் பால், மதியம் இரண்டு கரண்டி கஞ்சி.
கொன்சித்தா.

ஜனவரி 30, செவ்வாய்

எடை முப்பத்தெட்டேகால். ஆஸ்பத்திரியில் அந்தக் குழாயை எடுத்துக் காட்டினார்கள், பயப்பட ஒன்றுமில்லை என்று சொல்வதற்காக. மண்புழு கனம் இருக்கிறது. சலேத் அதைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்தாள். அடுத்த செவ்வாய் வரை பார்ப்போம் என்றார் டாக்டரம்மா.

கயத்தான் பழையகாயலில் தங்கை மகள் வீட்டில் இருக்கிறான். கல்யாணம் செய்துகொள்ளவில்லை. அதற்குமுன் பனிமயமாதா கோயில் பக்கத்துச் சந்தில் வாடகைக்கு இருந்தான், அதற்குமுன் கொச்சியில் ஒரு ஓட்டலில், அதற்குமுன் பழைய துறைமுகத்தில் கேன்டீனில். யாரும் எனக்குச் சொல்லவில்லை. நானாகத் தெரிந்து வைத்திருக்கிறேன். ஒருவன் எங்கே இருக்கிறான் என்று தெரிந்திருந்தால்தான் எங்கே இல்லை என்பதும் தெரியும்.

பிப்ரவரி 1, வியாழன்

டீச்சரை சலேத்தோடு இருக்கச் சொல்லிவிட்டு காலை பஸ்ஸில் போனேன். வழியெல்லாம் உப்பளம். வெள்ளத்தில் பாத்திகள் கரைந்துபோய், வரப்பை மறுபடி மிதித்துக்கொண்டிருந்தார்கள்.

கயத்தான் வேப்ப மரத்தடியில் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்திருந்தான். முகம் என் பக்கம்தான் இருந்தது, ஆனால் கண்ணில் ஒன்றும் இல்லை. பார்வை போய் ஆறு வருடம் என்று பிற்பாடு சொன்னான். அது எனக்குத் தெரிந்திருக்கவில்லை. இடத்தைத் தெரிந்து வைத்திருந்தேன், அதைத் தெரிந்து வைத்திருக்கவில்லை.

யார் அது என்று கேட்டான். நான்தான் என்றேன்.

"தொபியாஸு" என்றான்.  பிறகு, "சலேத் தவறிட்டாளா?" என்றான்.

அவள் பெயரை அவன் தயங்காமல் சொன்னது எனக்குப் பிடிக்கவில்லை. இருக்கிறாள் என்றேன். அவன் நெஞ்சில் சிலுவை போட்டுக்கொண்டான். அதுவும் பிடிக்கவில்லை.

வந்த விஷயத்தைச் சொன்னேன். உப்பு ஆகாது, முள் ஆகாது, ஒன்றும் இறங்கவில்லை, அந்த மீனைக் கேட்கிறாள் என்றேன். கடிதத்தைப் பற்றி நான் பேசவில்லை. அவன் நாற்காலிக் கையை விரலால் தட்டிக்கொண்டே கேட்டான். பிறகு ஒரு வாழ்நாள் காத்திருந்தவன் மாதிரிச் சிரித்தான்.

"ஏலே, அம்பத்தேழு வருசம் மூஞ்சியைத் திருப்பிக்கிட்டுப் போய்ட்டு, மீன் சுட வழி கேக்கவா வந்திருக்க?"

"சொல்லுவியா, மாட்டியா?"

"தோலை உரிச்சியா?"

"உரிச்சேன்."

"பண்டாரி கையால தின்னவன்தான நீ. கண்ணைத் தொறந்து பாத்திருந்தா தெரிஞ்சிருக்கும். முள்ளில்லாத சதைக்குத் தோல்தாம்லே சட்டி."

பிறகு ஒவ்வொன்றாகச் சொன்னான். அவனுக்கு எழுதப் பார்வை இல்லை, எனக்குப் படிக்கத் தெரியாது. அவன் சொல்ல, நான் திருப்பிச் சொன்னேன், தப்பினால் நிறுத்தினான். எண்ணெயைக் கம்பிக்குத் தடவாதே, மீனுக்குத் தடவு. தோல் கீழே இருக்கட்டும். வைத்த பிறகு தொடாதே, நோண்டாதே. வெந்த மீன் தானாகக் கம்பியை விடும், விடாவிட்டால் வேகவில்லை என்று அர்த்தம். முக்கால்வாசி வெளுத்ததும் ஒரு புரட்டு. புரட்டினதும் ஒரு பரலோக மந்திரம் சொல், ஆமென் வருமுன் எடுத்துவிடு. தோணியில் கடிகாரமா இருந்தது, பண்டாரிக்கு மந்திரம்தான் கணக்கு.

சாற்றைத் தீயின் பக்கம் கொண்டுபோகக் கூடாது. இங்கே தோடம்பழம் கிடைக்காது, ஆரஞ்சு இரண்டு பங்கு, எலுமிச்சை ஒரு பங்கு. ஆரஞ்சுத் தோலின் மேல்பக்கத்தை மட்டும் லேசாகச் சுரண்டிப் போடு, வெள்ளை வந்தால் கசக்கும். சின்ன உள்ளி, அதாவது சின்ன வெங்காயம், இஞ்சி, பச்சை மிளகாய், மல்லித்தழை எல்லாம் பொடிப்பொடியாக. தேங்காய் எண்ணெய் நாலு சொட்டு. மீன் தட்டுக்கு வந்த பிறகு, சூடு ஆறும் முன், மேலே ஊற்று. முன்னால் ஊற்றினால் புளிப்பு மீனைத் தின்றுவிடும், பின்னால் ஊற்றினால் மீன் புளிப்பைக் குடிக்கும்.

எல்லாம் பாடமாயிற்று. எழுந்தேன். எழுந்தவன் கேட்டுவிட்டேன். நான் சொல்லாததை என் பெயரில் எதற்கு எழுதினாய் என்று.

"நீங்க என்னலே சொன்னீங்க? ஆறு பேரும் வரிசையா வந்து உக்காந்து, சொகமா இருக்கேன், சொகமா இரின்னு சொல்லிட்டு எந்திரிச்சிருவீங்க. பாதித் தாள் வெள்ளையாக் கெடக்கும். அதை அப்படியே அனுப்பினா அந்தப் பொம்பளைங்க என்ன நெனைப்பாங்க? அதான் மீனை எழுதினேன். வந்ததும் சுட்டுத் தாரேன்னு. ஆறு வீட்டுக்கும் அதே மீன்தான்."

"ஆறு பேருக்குமா?"

"தண்டல் வீட்டம்மாவுக்கும் சேத்து."

எனக்குச் சிரிப்பு வந்தது. ஐம்பத்தேழு வருடத்தை என்னிடமிருந்து யாரோ வாங்கிக் கீழே வைத்தது போல இருந்தது. பஸ்ஸுக்கு நடக்கத் தொடங்கினவன் நின்றேன். யாருக்கு முதலில் எழுதினாய் என்று கேட்டேன்.

 மரத்தில் காகம் ஒன்று கத்திக்கொண்டிருந்தது. அது நிறுத்துகிறவரை இருந்தான்.

"உன் வீட்டுக்குத்தான். மத்தது அதைப் பாத்து எழுதினது."

 சாப்பிட்டாளா என்று மட்டும் சொல்லி அனுப்பு என்றான்.

இந்தக் கடைசிப் பேச்சை எழுதட்டுமா என்று டீச்சர் கேட்டார். எழுதுங்கள் என்றேன். வாசித்துக் காட்டினதும், அடித்துவிடுங்கள் என்றேன். அடித்துவிட்டதாகச் சொல்கிறார்.

பிப்ரவரி 2, வெள்ளி

விளமீன், தோலோடு. மீன்காரப் பெண், பல் முளைத்துவிட்டதா தாத்தா என்று கேட்டாள்.

தானாக விட்டது. ஒட்டவில்லை, உதிரவில்லை. நான் மந்திரத்தை வேகமாகச் சொல்லிவிட்டேன் என்று நினைக்கிறேன், நடுவில் கொஞ்சம் பச்சை. சாற்றை ஊற்றினபோது சீறியது. அந்த வாசனை வந்ததும் எனக்குக் கொழும்புத் துறைமுகம் முழுக்க வந்துவிட்டது, கப்பல் சங்குச் சத்தம் உட்பட.

சலேத் இரண்டு துண்டு தின்றாள். தட்டில் கிடந்த சாற்றை விரலால் வழித்து நக்கினாள். ஒன்றும் சொல்லவில்லை. நானும் அன்று கயத்தானிடம் ஒன்றும் சொல்லவில்லை என்பது ஞாபகம் வந்தது.

பிப்ரவரி 4, ஞாயிறு

மூன்று துண்டு. நேற்று இரண்டரை.

பழையகாயலுக்குப் போன் செய்யட்டுமா என்று டீச்சர் கேட்டார். வேண்டாம் என்றேன். பிறகு செய்யச் சொன்னேன். சாப்பிட்டாள் என்று மட்டும் சொல்லுங்கள், எத்தனை துண்டு என்று சொல்லவேண்டாம் என்றேன்.

பிப்ரவரி 6, செவ்வாய்

எடை முப்பத்தெட்டு எண்ணூறு. குழாயைப் பற்றி இன்று பேச்சே எடுக்கவில்லை. என்ன கொடுத்தீர்கள் என்று டாக்டரம்மா கேட்டார். நோட்டைக் கொடுத்தேன். நின்றுகொண்டே படிக்க ஆரம்பித்தவர் உட்கார்ந்துவிட்டார். சாப்பாட்டை மட்டும் படித்தால் போதும் என்று சொல்லி வாங்கிக்கொண்டேன்.

வீட்டுக்கு வந்ததும் சலேத் டின்னைத் திறக்கச் சொன்னாள். எனக்கு எதற்கு, நானா வாசிக்கப் போகிறேன் என்றேன். திறங்கள் என்றாள்.

கயத்தான் எழுதினதை அவளே தினமும் எடுத்து எடுத்து வாசிக்கிறாள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.  திறந்தால், பதினோரு தாளும் இளநீலமாக இருக்கிறது. ஒரு எழுத்து இல்லை. பேனா மை முழுக்க வெள்ளத்தில் கரைந்துபோயிற்று. அவள் அவற்றை ஒவ்வொன்றாகக் காயவைத்து மறுபடி மடித்து வைத்திருக்கிறாள். வெறும் தாளை.

வெறும் தாள் இல்லை. ஒவ்வொன்றின் அடியிலும் ஒரு கட்டைவிரல். கறுப்பாக, கோடு கோடாக, போன வாரம் வைத்தது மாதிரி. குறுக்கே ஒரு வெள்ளைக் கோடு போகிறது. எனக்குப் பதினாறு வயதில் நங்கூரக் கயிறு அறுத்த தழும்பு.

ஞாபகம் வந்துவிட்டது. கயத்தான் ஒவ்வொரு கடிதத்துக்கும் எங்களை விடமாட்டான். சட்டியின் அடியில் விரலைத் தேய்த்து, தேங்காய் எண்ணெயில் தொட்டு, தாளின் அடியில் வைக்கச் சொல்வான். இது இல்லாமல் தபாலில் போடமாட்டேன், யார் அனுப்பினது என்று அந்தப் பொம்பளைக்கு எப்படித் தெரியும் என்பான். எண்ணெயில் குழைந்த கரியைத் தண்ணீர் என்ன செய்யும்?

நான் சலேத்திடம் சொல்லிவிட்டேன். அந்த மீன் நான் சொன்னது இல்லை, ஆறு வீட்டுக்கும் அவனாக எழுதினது என்று. வேறு எதையும் சொல்லவில்லை.

"தெரியும்" என்றாள். "அதே தோணிக்காரங்க வீட்டுப் பெர்பேத்தும் பாக்கியமும் அவங்க காயிதத்தைக் கொண்டாந்து என்கிட்டதான் வாசிக்கச் சொல்லுவாங்க. எல்லாத்துலயும் மீன். நாங்க சிரிச்சு உருளுவோம்."

"பொறகு எதுக்கு என்னைக் கேட்ட?"

ஒரு தாளை எடுத்து என் கையில் வைத்தாள்.

"எழுதினது அவரு. தாரேன்னு கைநாட்டு வெச்சது நீங்க."

 கொல்லைக்குப் போய்க் கரியைப் பற்றவைத்தேன். ஊதி ஊதிக் கண் எரிந்தது.

பிப்ரவரி 9, வெள்ளி

நான்கு துண்டு. நான் கயத்தான் அளவுக்குச் சுடவில்லை என்று நானே சொன்னேன். அவர் சுட்டு நான் தின்றதில்லையே என்றாள்.

அது சரிதான். அவள் சொன்னதை நாலு தடவை எனக்குள்ளே சொல்லிப் பார்த்தேன்.

பிப்ரவரி 14, புதன்

இன்று விபூதிப் புதன். கோயிலுக்குப் போய் நெற்றியில் சாம்பல் பூசிக்கொண்டு வந்தேன். நோயாளிக்கு ஒருசந்தி, அதாவது நோன்பு, இல்லை என்று சாமியார் சொல்லிவிட்டார். அதனால் இன்றும் மீன். நேற்று எடை முப்பத்தொன்பது அறுநூறு. நெஞ்சு பழையபடி ஆகாது, உப்பு இனி எப்போதும் கிடையாது, ஆனால் குழாய் வேண்டாம், இந்த நோட்டும் இனி வேண்டாம் என்று டாக்டரம்மா சொல்லிவிட்டார்.

நிறுத்துவதற்குமுன் டீச்சரை ஒன்று எழுதச் சொல்கிறேன். மீனைச் சுட்டுத் தருகிறேன் என்று ஞானதீபம் தோணியிலிருந்து கைநாட்டுப் போய்ச் சேர்ந்த பெண்களின் பெயர்கள். கைநாட்டு வைத்த ஆறு பேரில் நான் ஒருவன்தான் மிச்சம். மற்ற ஐந்து பேரும் அந்த மீனைச் சுட்டுக் கொடுக்கவில்லை, அது எனக்குத் தெரியும். ஏனென்றால் தங்கள் கடிதத்தில் என்ன இருந்தது என்று அவர்களுக்கும் தெரியாது.

மரியானின் மனைவி பெர்பேத்து. அதே வருடம் சித்திரையில் பிரசவத்தில் போய்விட்டாள். கடைசியாக வந்த கடிதத்தை சலேத்துதான் அவளுக்கு வாசித்துக் காட்டினாளாம்.

தண்டல் சவரிமுத்துவின் மனைவி அக்னேசம்மாள். நெருக்கடி நிலை முடிந்து தேர்தல் நடந்த வருடம், மஞ்சள் காமாலை. அந்த அம்மா புளி இல்லாமல் மீன் குழம்பு வைப்பார், தெருவே மணக்கும்.

சூசையின் மனைவி ரெஜினா. மகனோடு கொச்சிக்குப் போனவள், அங்கேயே அடக்கம் செய்தார்கள். சுனாமிக்கு முந்தைய வருடம்.

இஞ்ஞாசியின் மனைவி திரேசா. கொரோனா இரண்டாவது தடவை வந்தபோது. முகத்தைக் காட்டவில்லை, பையில் வைத்துக் கொண்டுபோனார்கள்.

அருளப்பனின் மனைவி பாக்கியம். போன தவக்காலத்தில், குருத்தோலை ஞாயிறன்று காலையில், ஓலையைக் கையில் வைத்துக்கொண்டு. அவளுக்கு முந்தின நாள்தான் நான் சாளை மீன் வாங்கிக் கொடுத்தேன். சுட்டுக் கொடுத்திருக்கலாம்.

ஐந்து ஆயிற்று. கரி கனிந்துவிட்டது, நான் எழுந்திருக்கவேண்டும். உள்ளேயிருந்து தட்டில் கரண்டியால் தட்டுகிறாள், நேரமாகிவிட்டது என்று. ஆறாவது பெயரைக் கொஞ்சம் பெரிதாக எழுதுங்கள் டீச்சர்.

சலேத்.